தோற்ற கட்சிகள் எழுந்த கதை: விழுப்புரம் முதல் திண்டிவனம் வரை

உங்களுக்குத் தெரியுமா?

● 1996 சட்டமன்றத் தேர்தலில் ம.தி.மு.க.வுக்கு ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. இரண்டே ஆண்டில் அ.தி.மு.க. கூட்டணியில் சேர்ந்து மக்களவைக்கு 3 பேரை அனுப்பியது. அவர்களில் ஒருவர் திண்டிவனத்தில் வென்ற செஞ்சி ராமச்சந்திரன். 1999-ல் மீண்டும் வென்று மத்திய இணை அமைச்சரும் ஆனார்.

● அதே 1996-ல் அ.தி.மு.க. பிடித்தது 4 இடங்கள்தான். ஜெயலலிதாவே பர்கூரில் தோற்றார். 2001-ல் ஆட்சி மறுபடி அவர் கைக்கு வந்தது. அவரது கூட்டணியில் இருந்த பா.ம.க.வுக்கு மட்டும் 20 இடங்கள்.

● அந்த பா.ம.க. 2016-ல் தனித்து நின்றது. ஓர் இடமும் தேறவில்லை. பிறகு அ.தி.மு.க. கூட்டணிக்குத் திரும்பி, 2021-ல் 5 இடங்கள் பெற்றது. அவற்றில் ஒன்று திண்டிவனத்தை ஒட்டிய மயிலம்.

● திண்டிவனத்துக்கும் விழுப்புரத்துக்கும் நடுவே, சென்னை–திருச்சி நெடுஞ்சாலையில் இருக்கிறது விக்கிரவாண்டி. சுங்கச்சாவடி ஊராகத்தான் பலருக்கும் தெரியும். கட்சிக்காரர்களுக்கோ அது பாடசாலை! 2019 மே மாதம் மக்களவைத் தேர்தலில் அ.தி.மு.க.வுக்குத் தமிழ்நாட்டில் மிஞ்சியது தேனி மட்டுமே. அக்டோபரில் விக்கிரவாண்டி இடைத்தேர்தல் வந்தது. தி.மு.க. வசமிருந்த தொகுதியை 44,924 வாக்கு வித்தியாசத்தில் அ.தி.மு.க.வின் முத்தமிழ்ச்செல்வன் பறித்தார். ஆளுங்கட்சி பலமும் பா.ம.க. ஆதரவும் கைகொடுத்தன, உண்மைதான். ஆனால் கூட்டணி ஓட்டு தானாக வந்து பெட்டியில் விழாது. கிளைச் செயலாளர் வாக்காளர் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு, யார் ஊரில் இருக்கிறார், யார் வேலைக்காகச் சென்னை போயிருக்கிறார், யாரைப் போனில் கூப்பிட வேண்டும் என்று பெயர் பெயராகக் குறிக்க வேண்டும்.

● அந்த இடைத்தேர்தலில் தோற்ற புகழேந்தியையே 2021-ல் தி.மு.க. மறுபடி நிறுத்தியது. எதிரில் அதே முத்தமிழ்ச்செல்வன். இம்முறை புகழேந்தி 9,573 வாக்கு வித்தியாசத்தில் வென்றார்.

● விழுப்புரத்தில் தி.மு.க. வேறு வழி பார்த்தது. 2020-ல் அ.தி.மு.க.விலிருந்து வந்த லட்சுமணனை நிறுத்தி, அமைச்சராக இருந்த சி.வி.சண்முகத்தை 2021-ல் வீழ்த்தியது.

● புகழேந்தி மறைவால் 2024 ஜூலையில் விக்கிரவாண்டிக்கு மீண்டும் இடைத்தேர்தல். மக்களவைத் தேர்தலில் நின்ற பத்துத் தொகுதிகளிலும் அப்போதுதான் தோற்றிருந்த பா.ம.க. துணிந்து களமிறங்கி, 56,296 வாக்குகளுடன் இரண்டாம் இடம் பிடித்தது. அ.தி.மு.க.வோ ஆளுங்கட்சியின் அத்துமீறலைக் காரணம் காட்டிப் புறக்கணித்தது. குற்றச்சாட்டில் நியாயம் இருந்தாலும் அது தவறான முடிவு. ஐந்தாண்டுக்கு முன் வென்ற மண்ணில் தொண்டனை வீட்டில் உட்கார வைத்திருக்கக் கூடாது.