ஜெயித்தவருக்கு ஆறு புள்ளி குறைந்தது

2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் உலக செஸ் சாம்பியன் போட்டியின் பதினான்காவது ஆட்டம் டிராவை நோக்கித்தான் போய்க்கொண்டிருந்தது. 55-ஆவது நகர்த்தலில் டிங் லிரன் யானையை வைக்கக்கூடாத கட்டத்தில் வைத்தார். எதிரே இருந்த குகேஷ் ஒரு கணம் நம்பாமல் பார்த்தார். மீதிக் கதை தமிழ்நாட்டில் எல்லோருக்கும் தெரியும். 7.5-க்கு 6.5 என்ற கணக்கில், பதினெட்டு வயதில், உலக சாம்பியன்.

அவ்வளவாகப் பேசப்படாத ஒன்று ஜனவரி ரேட்டிங் பட்டியலில் இருக்கிறது. போட்டிக்கு முன் குகேஷின் ரேட்டிங் 2783. உலக சாம்பியன் ஆன பிறகு 2777. தோற்ற டிங்குக்கோ 2728 என்று இருந்தது 2734 ஆகிவிட்டது. ஜெயித்தவரிடம் ஆறு புள்ளியைப் பிடுங்கித் தோற்றவர் கையில் கொடுத்த கணக்கு இது. பிழை ஏதும் இல்லை. ரேட்டிங் என்பது பரிசும் அல்ல, மதிப்பெண்ணும் அல்ல. அது ஒரு முன்கணிப்பு. இதைப் பிடித்துக்கொண்டால் மற்றதெல்லாம் தானாகப் புரியும்.

முறையை வகுத்தவர் அர்பாட் எலோ. ஹங்கேரியில் பிறந்து, அமெரிக்காவின் மில்வாக்கியில் இயற்பியல் கற்பித்தவர், நல்ல செஸ் ஆட்டக்காரரும்கூட. உலக செஸ் கூட்டமைப்பான ஃபிடே 1970-இல் அவருடைய முறையை ஏற்றது. ஒருவருடைய ஆட்டம் நாளுக்கு நாள் ஏறி இறங்கும் என்பதை அவர் ஒப்புக்கொண்டார். அதனால் ஒருவர் எவ்வளவு திறமைசாலி என்று அவர் கேட்கவில்லை. இருவர் பல ஆட்டங்கள் ஆடினால் புள்ளிகள் எப்படிப் பிரியும் என்று கேட்டார். இருவரும் சமம் என்றால் பாதிக்குப் பாதி. 200 புள்ளி வித்தியாசம் என்றால், மேலே இருப்பவர் நூற்றுக்கு 76 எடுக்க வேண்டும். எடுத்தால் எண் அசையாது. கூடுதலாக எடுத்தால் ஏறும், குறைந்தால் இறங்கும்.

குகேஷுக்கும் டிங்குக்கும் இடையே 55 புள்ளி. அட்டவணைப்படி குகேஷ் ஆட்டத்துக்கு 0.58 வீதம் எடுக்க வேண்டும். பதினான்கு ஆட்டத்துக்கு 8.12. எடுத்தது 7.5. குறைவு 0.62. அவர்கள் மட்டத்தில் பெருக்கும் எண் பத்து. ஆக 6.2 போயிற்று. கிரீடம் ஒரு கணக்கு, ரேட்டிங் வேறொரு கணக்கு.

அந்தப் பெருக்கும் எண்ணில்தான் சுவாரசியம் இருக்கிறது. ஒருமுறை 2400-ஐத் தொட்டவருக்குப் பத்து, அதற்குக் கீழே இருபது. புதிதாக வந்தவருக்கும், 2300-க்குக் கீழே இருக்கும் பதினெட்டு வயதுக்குட்பட்டவருக்கும் நாற்பது. தர்மபுரி மாவட்டத்தில், அரூர்ப் பக்கம் எட்டாம் வகுப்பு படிக்கும் ஒரு பெண்ணை எடுத்துக்கொள்வோம். ரேட்டிங் 1500. சேலத்தில் நடக்கும் போட்டியில் 1700 ரேட்டிங் உள்ள ஒரு வங்கி ஊழியரைத் தோற்கடிக்கிறாள். அவளுக்கு முப்பது புள்ளி ஏறும். அவருக்குப் பதினைந்துதான் இறங்கும். தோற்றிருந்தால் அவளுக்குப் பத்துகூடக் குறைந்திருக்காது. குழந்தைகள் வேகமாக வளர்கிறார்கள், நேற்றைய எண் இன்றைக்குப் பழசாகியிருக்கும் என்பதை விதியே ஒப்புக்கொள்கிறது. தயவாகச் செய்தது இல்லை, வெறும் புள்ளியியல்.

ஆனால் அவள் சேலத்துக்குப் போக வேண்டும். ஏன் போக வேண்டும்?

பாப்பிரெட்டிப்பட்டியில் இருபது பிள்ளைகள் இருக்கிறார்கள், எல்லோருக்கும் 1500, தங்களுக்குள் மட்டுமே ஆடுகிறார்கள் என்று வையுங்கள். ஒருவர் பெறுவது இன்னொருவர் இழப்பது. கூட்டுத்தொகை மாறவே மாறாது. இரண்டு வருடத்தில் அந்த இருபது பேரும் இரண்டு மடங்கு நன்றாக ஆடக் கற்றுக்கொண்டாலும் சராசரி 1500-இலேயே நிற்கும். கால்வாய் வெட்டாத ஏரியின் நீர்மட்டம் பக்கத்து ஏரிக்குத் தெரியாதது போல. அவர்களில் ஒரே ஒருவர் வெளியே போய் ஆடிவிட்டுத் திரும்பினால் போதும், அவர் கொண்டுவரும் புள்ளிகள் மெல்ல மற்றவர்களுக்கும் பரவும்.

இதன் மறுபக்கமும் நடந்திருக்கிறது. அமெரிக்காவின் வர்ஜீனியா சிறையில் கிளாட் பிளட்குட் என்ற ஆயுள் கைதி சக கைதிகளோடு இடைவிடாமல் ஆடினார். 1996-இல் அவருடைய அமெரிக்க ரேட்டிங் 2700-ஐத் தாண்டி, அந்த நாட்டிலேயே இரண்டாம் இடத்துக்குப் போனது. வேண்டுமென்றே செய்தாரா, தானாக அப்படி ஆனதா என்று இன்றும் வாதாடுகிறார்கள். மூடிய சுவருக்குள் ஓர் எண் எதை வேண்டுமானாலும் சொல்லும் என்பதில் மட்டும் வாதம் இல்லை.

நம் ஆட்டக்காரர்களின் வாழ்க்கையை இந்தக் கண்ணாடி வழியே பார்த்தால் வேறு மாதிரி தெரிகிறது. பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்த மானுவல் ஆரோன் 1961-இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர் ஆனார். 1960 லைப்சிக் ஒலிம்பியாடில் முன்னாள் உலக சாம்பியன் மாக்ஸ் யூவேயை ஜெயித்தவர். 1962-இல் ஸ்டாக்ஹோமில் நடந்த இன்டர்சோனல் போட்டியில் போர்டிஷ், உல்மன் என்ற இரண்டு கிராண்ட்மாஸ்டர்களைத் தோற்கடித்தார். அதே போட்டியில் கடைசி இடமும் அவருக்குத்தான். திறமை இல்லாதவர் அந்த இருவரையும் ஜெயிக்க முடியாது. என் கணிப்பில், பழக்கம் இருந்தவராக இருந்தால் கடைசியில் வந்திருக்க மாட்டார். வருடத்துக்கு ஒருமுறை மட்டும் பெரிய ஆட்களைப் பார்ப்பவருக்கு, ஒரு மாதம் தினமும் அவர்கள் முன்னால் உட்காருவது தனி வித்தை. தேசிய சாம்பியன் ஆனதால் வந்த பலம் அங்கே போதவில்லை.

அவர் அதைப் புரிந்துகொண்டார் என்றே நினைக்கிறேன். 1972-இல் சென்னை சோவியத் கலாச்சார மையத்தில் தால் செஸ் கிளப் தொடங்கியதில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. ரஷ்யப் புத்தகங்கள், எந்நேரமும் ஆட எதிராளிகள். பின்னாளில் அங்கே வந்து மின்னல் வேகத்தில் ஆடிய சிறுவன் விஸ்வநாதன் ஆனந்த். அம்மா சுசீலாவிடம் காய் நகர்த்தக் கற்றவர். அப்பாவின் ரயில்வே வேலை காரணமாகச் சிறுவயதில் சில காலம் மணிலாவில் இருந்தார்; கார்போவ், கோர்ச்நோய் உலகப் போட்டிக்குப் பிறகு அங்கே செஸ் காய்ச்சல் அடித்த காலம் அது. 1987-இல் உலக ஜூனியர் சாம்பியன். அடுத்து, கோவையில் நடந்த சக்தி ஃபைனான்ஸ் சர்வதேசப் போட்டியை வென்று 1988-இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். அந்தக் கடைசிப் படியை ஏற அவர் ஐரோப்பாவுக்குப் போகவில்லை. எதிராளிகள் கோவைக்கு வந்தார்கள். சிறு செய்தியாக இது போய்விட்டது. எனக்கு அதுதான் தலைப்புச் செய்தி.

ஏனென்றால் கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு 2500 ரேட்டிங் மட்டும் போதாது, குறிப்பிட்ட போட்டிகளில் அந்தத் தரத்தில் ஆடிக் காட்டும் ‘நார்ம்’களும் வேண்டும். பொதுவிதிப்படி ஒரு நார்ம் போட்டியில் குறைந்தது மூன்று கிராண்ட்மாஸ்டர்களை எதிர்கொள்ள வேண்டும். எதிராளிகளில் வெளிநாட்டவரும் இருக்க வேண்டும். குகேஷ் 12 வயது 7 மாதம் 17 நாளில் பட்டம் வாங்கியதற்குப் பின்னால், காது மூக்கு தொண்டை மருத்துவரான அப்பா தொழிலை நிறுத்திவிட்டு மகனோடு ஊர் ஊராகப் போன கதை இருக்கிறது. கிராண்ட்மாஸ்டர்களான தம்பி பிரக்ஞானந்தா, அக்கா வைஷாலி என்றால் அம்மா நாகலட்சுமியும் பயணப் பெட்டியும் கூடவே நினைவுக்கு வருகிறார்கள். இந்தியாவின் கிராண்ட்மாஸ்டர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் தமிழ்நாட்டுக்காரர். அவர்களில் பெரும்பாலோர் சென்னைக்காரர்கள். நல்ல மூளை சென்னையில் மட்டும் பிறக்கிறது என்று சொல்ல யாருக்கும் துணிவு வராது. நல்ல எதிராளி அங்கே பேருந்து தூரத்தில் இருக்கிறார், அவ்வளவுதான்.

2022-இல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தபோது மாவட்டந்தோறும் அரசுப் பள்ளிகளில் செஸ் போட்டி வைத்தார்கள். பலகைகள் பள்ளிகளுக்கு வந்தன. நல்ல காரியம். ஆனால் ரேட்டிங் உள்ள எதிராளியைப் பெட்டியில் போட்டு அனுப்ப முடியாது. முதல் ரேட்டிங் கிடைக்கவே அப்படிப்பட்ட ஐந்து பேரோடு ஆடியாக வேண்டும். பென்னாகரத்துப் பிள்ளைக்கு அந்த ஐந்து பேரும் சேலத்திலோ பெங்களூரிலோ முந்நூறு கிலோமீட்டர் தாண்டிச் சென்னையிலோ இருக்கிறார்கள்.

உலகம் முழுவதும் இப்படிக் குறைத்து மதிப்பிடப்பட்ட பிள்ளைகள் சேரச் சேர, கணக்கே கோணலாகத் தொடங்கியது. 1000 ரேட்டிங் உள்ளவர்கள் 1500 உள்ளவர்களிடம் அட்டவணை சொன்னதைவிட அதிகப் புள்ளி எடுத்தார்கள். ஃபிடே 2024 மார்ச் 1 அன்று ஒரு வேலை செய்தது. 2000-க்குக் கீழே இருந்த எல்லோருக்கும், 2000-லிருந்து எவ்வளவு குறைவோ அதில் நூற்றுக்கு நாற்பது கூட்டியது. 1000 இருந்தவர் 1400 ஆனார், 1500 இருந்தவர் 1700. இருவருக்கும் நடுவே இருந்த 500 புள்ளி இடைவெளி, ஒரு சிப்பாயைக்கூட யாரும் நகர்த்தாமல், ஒரே நாளில் 300 ஆனது.