வசனம் எழுதியவர் யார்?



திரையில் பேசும் முகத்தை நாம் மறப்பதில்லை. அந்தப் பேச்சை எழுதியவர் யாரென்று எத்தனை பேர் கேட்கிறோம்? தமிழில் அந்தக் கேள்வியை எழச் செய்தவர்களில் முதன்மையானவர் மு. கருணாநிதி (1924–2018).

1947இல் 'ராஜகுமாரி' மூலம் அவர் திரைக்கு வந்தார். அடுத்த ஆண்டு 'அபிமன்யு'வுக்கு வசனம் எழுதியும் அவர் பெயர் திரையில் இடம்பெறவில்லை. நான்கே ஆண்டுகளில் நிலை மாறிற்று. 1952இல் வெளிவந்த 'பராசக்தி'யின் வசனம் இசைத்தட்டாகவே விற்பனையானது.

பாவலர் பாலசுந்தரத்தின் நாடகமே அப்படத்தின் மூலம். ரங்கூனுக்குப் பிழைக்கப் போன அண்ணன்மார், ஊரில் நிர்க்கதியான தங்கை. கடல் கடந்து வந்தோரின் வழித்தோன்றல்களாகிய நமக்கு இந்தப் பிரிவை விளக்க வேண்டியதில்லை. நீதிமன்றக் காட்சியிலோ, குற்றவாளிக் கூண்டில் நிற்பவனே சமூகத்தின் மீது குற்றஞ்சாட்டுகிறான்.

அடுக்கிவரும் சிறு வாக்கியங்கள், முரண்படும் சொற்கள், ஓசை நயம் ஆகியவை அவரது முறை. ஆதலால் படம் பாராமல் கேட்டாலும் காட்சி மனதில் எழும். இலங்கை வானொலியின் ஒலிச்சித்திரங்களை லயத்து வாசலில் கூடியிருந்து கேட்ட தலைமுறை இதை நன்கறியும்.

2015இல், 91ஆவது வயதிலும், 'இராமானுஜர்' தொலைக்காட்சித் தொடருக்கு அவர் வசனம் எழுதினார்.

இரத்தினபுரி, கேகாலைத் தோட்டங்களிலும் திருவிழாவுக்கு நாடகம் எழுதித் தந்தோர் உண்டு. அவர்களின் கொப்பிகள் கைமாறித் தொலைகின்றன, பெயர்களும் மறைகின்றன. அடுத்த திருவிழாவில் நடிகரின் பெயரோடு எழுதியவர் பெயரையும் ஒலிபெருக்கியில் சொல்வோம். அந்தக் கொப்பியையும் பத்திரப்படுத்துவோம்.