'வல்வில்' ஓரின்னா 'வெல்ல முடியாதவர்'னு அர்த்தமா? போரில் கொல்லப்பட்டவருக்கு ஏன் இந்தப் பெயர்?

நாமக்கல் மாவட்டம் கொல்லிமலைக்கு 70 கொண்டை ஊசி வளைவுகளைத் தாண்டி ஏறினால், செம்மேட்டில் வல்வில் ஓரி சிலையைப் பார்க்கலாம். ஆடிப்பெருக்கை ஒட்டி அவருக்கு அரசு விழாவும் உண்டு. கடையேழு வள்ளல்களில் ஒருவர். ஆனால் அந்த 'வல்வில்'லுக்கு அர்த்தம் கேட்டால், பலரும் 'யாராலும் ஜெயிக்க முடியாத வில்லாளி'ன்னுதான் சொல்வாங்க.

அது சரியா?

வல் + வில். 'வல்' என்றால் வலிமை. வல்லவன், வல்லரசு, வல்லினம் எல்லாம் இதே வேரில் வந்த சொற்கள்தான். இன்னிக்கு நாம 'தலைவலி'ன்னு சொல்ற 'வலி'க்குக்கூட பழைய தமிழில் வலிமைங்கிற பொருள் உண்டு. திருக்குறளின் 48-வது அதிகாரமான 'வலியறிதல்' பேசுவது வேதனையைப் பற்றி இல்லை, பலத்தைப் பற்றி. ஆக, வல்வில்னா வலிமையான வில். அதில் 'வெற்றி' என்ற பொருளே கிடையாது.

அப்போ 'யாராலும் ஜெயிக்க முடியாது' என்ற எண்ணம் எங்கிருந்து வந்தது? புறநானூறு 152-வது பாடல் ஒரு முக்கியக் காரணம். காட்டில் ஒரு வேட்டைக்காரர் விட்ட அம்பு யானையை வீழ்த்தி, புலி, மான், பன்றியைத் துளைத்து, கடைசியில் புற்றில் கிடந்த உடும்பில் போய்த் தைக்கிறது. ஒரே அம்பு, ஐந்து விலங்கு! (சினிமாவில் வைத்தால்கூட நம்ப மாட்டோம்.) அதைப் பார்த்த வன்பரணருக்கு, 'இவர்தான் ஓரியோ?' என்று சந்தேகம். கூட வந்தவர்களோடு சேர்ந்து ஓரியைப் புகழ்ந்து பாட, தன் பெயரைக் கேட்ட அந்த மனிதர் வெட்கப்பட்டாராம்; மான் இறைச்சியும் மதுவும் பொன்னும் தந்து அனுப்பினாராம். அவ்வளவு பெரிய வீரர் வெட்கப்பட்டார் என்பதுதான் இந்தப் பாட்டில் அழகே.

ஆனால் ஓரி தோற்றார். முள்ளூர் மன்னன் திருமுடிக்காரி அவரைக் கொன்று, கொல்லிமலையைச் சேரருக்குக் கொடுத்துவிட்டார். இதைச் சொல்வது கல்லாடனார் பாடிய அகநானூறு 209. கவனிக்க வேண்டியது என்னன்னா, ஓரி கொல்லப்பட்டதைச் சொல்லும் அதே இடத்திலும் அவர் பெயர் 'வல்வில் ஓரி'தான்! நற்றிணை, குறுந்தொகையிலும் இதே அடைமொழிதான். தோற்றுட்டார்னு புலவர்கள் அதைப் பிடுங்கவில்லை, ஏன்னா அது வெற்றிக்காகக் கொடுத்த பெயரே இல்லை.

ஜெயித்த காரியும் அப்புறம் அதியமான் நெடுமான் அஞ்சியிடம் திருக்கோவலூரை இழந்தார். அந்த அதியமானின் தகடூரை, அதாவது இன்றைய தர்மபுரியை, சேரன் பெருஞ்சேரல் இரும்பொறை அழித்தார்.