சாயம் போகும் சட்டை

போன மாதம் புதுக் கைலி ஒன்றை மற்ற துணிகளோடு வாஷிங் மெஷினில் போட்டுவிட்டேன். மகனின் வெள்ளைச் சட்டை நீலமாக வெளியே வந்தது. வீட்டில் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக்கதை. ஆனால் இதே குறையைக் காசாக்கிய வரலாறு நம்ம ஊர்த் துணிக்கு உண்டு.

1958-ல் வில்லியம் ஜேக்கப்சன் என்ற அமெரிக்க இறக்குமதியாளர், கேப்டன் கிருஷ்ணன் நாயரிடம் (பிற்பாடு லீலா ஹோட்டல்களைத் தொடங்கினாரே, அவரேதான்) கட்டம் போட்ட மெட்ராஸ் கைத்தறித் துணி வாங்கினார். பச்சைத் தண்ணீரில் பதமாக அலசணும் என்று நாயர் சொல்லி அனுப்பினாராம். நியூயார்க்கின் ப்ரூக்ஸ் பிரதர்ஸ் கடையில் சட்டை வாங்கியவர்களுக்கு அந்தச் செய்தி போய்ச் சேரவில்லை. சாயம் ஓடியது, சண்டை வந்தது. கடைசியில் விளம்பரக்காரர்கள் 'சாயம் போகும், உத்தரவாதம்' என்றே விற்றார்கள்! ஒவ்வொரு சலவையிலும் நிறங்கள் கலந்து ஒவ்வொரு சட்டையும் தனி ரகமானது. 1960-களில் அமெரிக்கக் கல்லூரிப் பையன்களிடம் அதுதான் ஃபேஷன். எங்கள் தொழிலில் 'இது பக் இல்லை சார், ஃபீச்சர்' என்போமே, அதேதான்.

இது புதுசும் இல்லை. பழவேற்காட்டிலிருந்து கப்பலேறிய துணியின் நினைவாக, மலாய் மொழியில் கட்டம் போட்ட கைலிக்கு இன்றும் 'காயின் பெலிக்காட்' என்றுதான் பெயர். நைஜீரியாவின் கலபாரி மக்கள் மெட்ராஸ் துணியில் சில நூல்களை மட்டும் வெட்டி உருவி, தங்களுக்கென்று புது டிசைனே உண்டாக்கிவிட்டார்கள். கரீபியன் தீவுகளில் அது பெண்களின் தலைக்கட்டு.

அசலை எப்படிக் கண்டுபிடிப்பது? நூலுக்கு முதலில் சாயம் ஏற்றி, பிறகுதான் பாவும் ஊடையுமாக நெய்வார்கள். அதனால் துணியைத் திருப்பிப் பார்த்தாலும் கட்டம் அதே அழுத்தத்தில் இருக்கும். மேலே அச்சடித்த துணி என்றால் பின்பக்கம் வெளுத்துத் தெரியும். ஆனால் விசைத்தறியிலும் சாய நூலில் நெய்கிறார்கள். ஆகவே இந்தச் சோதனை அச்சை மட்டும்தான் காட்டிக்கொடுக்கும், கைத்தறியை உறுதி செய்யாது.

பெருங்களத்தூர் ஸ்டேஷனில் காலையில் நின்றால் ஐ.டி. பையன்கள் பாதிப்பேர் கட்டம் போட்ட சட்டையில்தான் வருகிறார்கள். அதே கட்டத்தில் கைலி கட்டிக்கொண்டு அப்பா வாசலுக்கு வந்தால், 'உள்ளே போய் பேன்ட் மாத்திட்டு வாங்கப்பா' என்கிறோம். நானும் சொல்லியிருக்கிறேன்.

துணி ஒன்றுதான். வெளிநாட்டுக்காரன் போட்டுக் காட்டினால்தான் நமக்கு அது ஸ்டைலாகத் தெரிகிறது.