மானியம் என்னும் சொல்



சென்ற ஆண்டு நமது பள்ளியில் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டம் நடந்தது. மூன்றாம் வகுப்பின் கூரை மழைக்கு ஒழுகுகிறது. அதை மாற்ற ஒவ்வொரு குடும்பமும் 30 வெள்ளி தந்து உதவ வேண்டும் என்று செயலாளர் சொல்லி அமர்ந்தார். அப்போது ஒரு தகப்பனார் எழுந்து நின்றார். செம்பனைக் குலை அறுப்பவர். கூட்டங்களில் அதிகம் பேசாதவர்.

"ஐயா, ஒரு சந்தேகம். நம்ம பள்ளிக்கூடம் கவர்மெண்டு உதவி வாங்குற பள்ளிக்கூடம்னு நீங்கதான் சொல்றீங்க. பேப்பர்லயும் தமிழ்ப்பள்ளிக்கு மானியம், மானியம்னு போடுறாங்க. அப்புறம் கூரைக்கு எங்ககிட்ட ஏன் கேக்குறீங்க? அந்தக் காசு எங்க போச்சு?"

கூட்டத்தில் சலசலப்பு எழுந்தது. சிலர் தலைமையாசிரியரை ஒரு மாதிரியாகப் பார்த்தனர். அந்தப் பார்வை நமக்குப் பிடிக்கவில்லை. ஆனால் கேள்வி பிடித்திருந்தது. காசு எங்கும் போகவில்லை. அது வரவே இல்லை. ஏன் வரவில்லை என்பதைச் சொல்லப் போனால் மானியம் என்ற சொல்லிலிருந்துதான் தொடங்க வேண்டும். அன்று கூட்டத்தில் அரைகுறையாகச் சொன்னதை இன்று சற்று விரிவாகப் பேசுவோம்.

மானியம் வடமொழியிலிருந்து தமிழுக்கு வந்த பழைய சொல். மதிப்புக்குரியது என்பது அதன் மூலப்பொருள். நம் பாட்டன்மார் விட்டுவந்த தமிழ்நாட்டுக் கிராமங்களில் அது பணத்தைக் குறிக்கவில்லை, நிலத்தைக் குறித்தது. வரி இல்லாமலோ குறைந்த வரியோடோ ஒருவருக்கு விடப்பட்ட நிலமே மானிய நிலம். சோழர் காலக் கல்வெட்டுகளில் இத்தகைய நிலத்தை 'இறையிலி' என்று குறித்தார்கள். இறை என்றால் அரசனுக்குச் செலுத்தும் வரி. அது இல்லாதது இறையிலி. கோயிலுக்கு விடப்பட்டது தேவதானம் எனப் பெயர் பெற்றது. பிற்காலத்தில் ஊர்க்கணக்கு எழுதியவருக்கும், ஏரி மதகைத் திறந்து மூடி வயலுக்கு நீர் பாய்ச்சியவருக்கும், காவல் காத்தவருக்கும் மானியம் இருந்தது.

இதில் இரண்டு செய்திகளை நேயர்கள் குறித்துக்கொள்ள வேண்டும். முதலாவது, மானியம் அரசனின் சொந்தப் பையிலிருந்து வந்ததன்று. ஊரிலிருந்து அரசுக்குச் சேரவேண்டிய வரியில் ஒரு பகுதி வாங்கப்படாமல் விடப்பட்டது; அவ்வளவுதான். இரண்டாவது, அதற்கு ஒரு வேலை உண்டு. விளக்கு எரிய வேண்டும், மதகு திறக்க வேண்டும், கணக்கு எழுதப்பட வேண்டும். வேலை நின்றால் நிலமும் கையை விட்டுப் போகக்கூடும். ஆகவே மானியம் பெற்றவர் பிச்சை பெற்றவர் அல்லர். கைகட்டி நிற்க வேண்டிய கட்டாயமும் அவருக்கு இல்லை. கணக்குச் சொல்ல வேண்டிய கட்டாயம் மட்டும் இருந்தது.

மலாயாவுக்கு வந்த நம் மக்கள் மானியத்தைக் காட்டிலும் வேறொரு சொல்லை நன்றாக அறிந்திருந்தார்கள். அது முன்பணம். கங்காணி கையில் வாங்கிய முன்பணம் கடன். அது சம்பளத்தில் பிடிக்கப்பட்டது. பலருக்கு ஆண்டுக்கணக்கில் பிடிக்கப்பட்டது. மேலிடத்திலிருந்து எந்தப் பணம் வந்தாலும் ஒன்று தருமம், இல்லாவிட்டால் கடன் என்று எண்ணும் வழக்கம் நம்மிடையே அப்படித்தான் வேரூன்றியது என்று நமக்குத் தோன்றுகிறது. இரண்டுக்கும் நடுவில் மானியம் என்று ஒன்று உண்டு என்பதைத் தோட்டத்தில் யார் சொல்லிக்கொடுத்தார்கள்?

பள்ளிக்கூடத்தின் வழியாகத்தான் அந்தச் சொல் மறுபடியும் நம்மிடம் வந்தது. 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டத்தின்படி, பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேரோ அதற்கு மேலோ உள்ள தோட்டத்தில் நிர்வாகம் ஒரு பள்ளியை ஏற்படுத்த வேண்டியிருந்தது. கொட்டகையும் தோட்டத்தினுடையது, ஆசிரியரும் தோட்டத்துச் சம்பளக்காரர். பின்னர் அரசாங்கம் பிள்ளைகளின் வருகையையும் தேர்ச்சியையும் பார்த்து இப்பள்ளிகளுக்கு மானியம் வழங்கியது. பள்ளி ஆய்வாளர் வரும் நாளில் லயம் லயமாகச் சென்று பிள்ளைகளைத் திரட்டி, தலைசீவி உட்காரவைத்த கதைகளை நம் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறோம். சிரிப்பதற்காகச் சொல்வார்கள். ஆனால் அந்த ஒரு நாள் வருகையில் பள்ளியின் வருமானம் அடங்கியிருந்தது.

சுதந்திரத்தின்போது, 1957இல், நாட்டில் 888 தமிழ்ப்பள்ளிகள் இருந்தன. இன்று ஏறக்குறைய 530 உள்ளன. இவற்றுள் பெரும்பாலானவை எந்த வகையைச் சேர்ந்தவை என்பதில்தான் அந்தத் தகப்பனாரின் கேள்விக்கு விடை இருக்கிறது.

1996ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம் அரசாங்கக் கல்விக்கூடம், அரசாங்க உதவி பெறும் கல்விக்கூடம், தனியார் கல்விக்கூடம் எனப் பிரிக்கிறது. உதவி பெறும் பள்ளிக்கு வரும் பணத்தையும் அச்சட்டம் இரண்டாகப் பார்க்கிறது. நிலம், கட்டடம், மேசை நாற்காலி போன்றவற்றுக்காகக் கொடுப்பது ஒன்று. இதை முதல் மானியம் எனலாம். பிள்ளைகளிடம் கட்டணம் வாங்காமல் பள்ளியை நடத்தக் கொடுப்பது மற்றொன்று. ஏட்டில் இப்படி இருக்கிறது. நடைமுறையில் நாம் கேட்கும் மலாய்ச் சொற்கள் வேறு இரண்டு: 'பந்துவான் பெனோ', 'பந்துவான் மோடால்'.

பெனோ என்றால் முழுமை. பள்ளி நிற்கும் நிலம் அரசாங்கத்துடையதாக இருந்தால் அது முழு உதவி பெறும் பள்ளி. கட்டடமும் பழுதுபார்ப்பும் அரசாங்கத்தின் பொறுப்பு. மோடால் என்றால் முதல், அதாவது மூலதனம். பெயரைக் கேட்டால் இதில்தான் அதிகப் பணம் வரும்போல் தோன்றும். நடப்பில் இதுதான் நாம் பகுதி உதவி என்று சொல்வது. நிலம் தோட்டத்திற்கோ, தனியாருக்கோ, பள்ளி வாரியத்திற்கோ சொந்தமாயிருக்கும். ஆசிரியர் சம்பளத்தை அரசாங்கம் தருகிறது. மாணவர் எண்ணிக்கையைக் கணக்கிட்டுத் தலைவீத மானியம் தருகிறது. பாடநூல்களையும் தருகிறது. கட்டடம் மட்டும் பெரும்பாலும் பள்ளி வாரியத்தின் தலையில் விழுகிறது. தனியாக விண்ணப்பித்து, தனியாக ஒப்புதல் கிடைத்தால் கட்டடத்துக்கும் பணம் வரலாம், தானாக வராது. நமது பள்ளி இந்த இரண்டாம் வகை. நாட்டின் தமிழ்ப்பள்ளிகளில் பெரும்பகுதியும் இந்த வகையே.

'தலைவீத மானியத்திலிருந்து எடுத்துக் கூரை போடலாமே' என்று நேயர்கள் கேட்கலாம். அது பாடத்துக்கென்றும் துணைக்கருவிக்கென்றும் பிரித்துக் கொடுக்கப்படும் பணம். தலைமையாசிரியர் அதை மாற்றிச் செலவழித்தால் தணிக்கையில் பதில் சொல்ல வேண்டும். அந்தக் காலத்து மதகு மானியத்தை எடுத்துக் கோயில் விளக்குக்குச் செலவிட முடியாதது போலத்தான் இதுவும். மேலும் நாற்பது பிள்ளைகள் உள்ள பள்ளிக்கு நாற்பது பிள்ளைகளைக் கணக்கிட்டே பணம் வருகிறது. மழை அப்படிக் கணக்குப் பார்த்துப் பெய்வதில்லை.

இனி நாளிதழ்ச் செய்திக்கு வருவோம். தலைப்புகளில் வரும் சொல் பெரும்பாலும் 'ஒதுக்கீடு'. ஒதுக்கீடு என்பது இன்ன காரியத்துக்கு இவ்வளவு என்று எடுத்துவைப்பது. பொங்கலுக்கு என்று அம்மா டப்பாவில் எடுத்துவைத்த பணம் புதுச்சட்டை ஆகிவிடாது. கடைக்குப் போக வேண்டும், அளவு பார்க்க வேண்டும். பல பள்ளிகளுக்கென்று மொத்தமாக அறிவித்த தொகையில் நம் பள்ளிக்குப் பங்கு வந்து, வேலை குத்தகைக்கு விடப்பட்டு, முடிந்த பிறகுதான் அது நமக்கு மானியம். இடையில் மேடையில் ஒரு பெரிய அட்டைக் காசோலையைத் தூக்கிப்பிடித்துப் படம் எடுப்பதும் உண்டு. அந்த அட்டையை எந்த வங்கியின் சன்னலுக்குள்ளும் நுழைக்க முடியாது என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை. எனவே செய்தியைப் படிக்கும்போது அறிவித்தார்களா, ஒப்புதல் அளித்தார்களா, கொடுத்துவிட்டார்களா என்று வினைச்சொல்லைக் கவனியுங்கள். மேடைப் பேச்சில் இம்மூன்றும் 'கொடுத்தோம்' என்ற ஒரே சொல்லாகிவிடும்.

பள்ளிக்கு வெளியிலும் மானியம் நம் வீட்டுக்குள் வருகிறது. மளிகைக் கடையில் ஒரு கிலோ பொட்டலச் சமையல் எண்ணெய் பல ஆண்டுகளாக 2 வெள்ளி 50 காசுக்கு விற்கப்பட்டு வந்ததை வீட்டுப் பெண்கள் நன்கு அறிவார்கள். அந்த விலைக்கு எண்ணெய் ஆலையில் எண்ணெய் கிடைக்காது. சந்தை விலைக்கும் கட்டுப்பாட்டு விலைக்கும் உள்ள வித்தியாசத்தை அரசாங்கம் பொட்டலம் போடும் நிறுவனத்துக்குக் கொடுக்கிறது. இது விலை மானியம். பணம் நம் கைக்கு வருவதே இல்லை. ஆகையால் அது இருக்கும்போது கண்ணுக்குத் தெரியாது, நிற்கும்போதுதான் தெரியும். 2024 ஜூன் 10ஆம் நாள் தீபகற்பத்தில் டீசல் விலை லிட்டருக்கு 2 வெள்ளி 15 காசிலிருந்து 3 வெள்ளி 35 காசாக ஏறியதே, அன்று தெரிந்தது போல. எல்லாருக்கும் பொதுவாக இருந்த விலை மானியத்தை நிறுத்திவிட்டு, தகுதியுள்ளவருக்கு மட்டும் தனியே கொடுப்பதை 'இலக்கு மானியம்' என்கிறார்கள். அப்படி மாறும்போது பெயர் பதிவது முக்கியமாகிவிடுகிறது. விலை மானியம் கடையில் நிற்கும் அனைவருக்கும் கிடைக்கும். இலக்கு மானியம் பட்டியலில் பெயர் உள்ளவருக்கே கிடைக்கும். அடையாளக் கார்டில் பழைய தோட்டத்து முகவரியையே வைத்துக்கொண்டிருப்பவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

ரப்பர் சிறுதோட்டக்காரர்களின் மறுநடவு மானியம் இன்னொரு நல்ல எடுத்துக்காட்டு. அதற்கான நிதி 1952இல் ஏற்பட்டது. 1973 முதல் ரிஸ்டா அந்தப் பணியைக் கவனித்து வருகிறது. பழைய மரத்தை வெட்டிப் புதுக்கன்று நட்டால் மானியம். ஆனால் மொத்தமாக அல்ல, தவணை தவணையாக. நிலம் துப்புரவானதைப் பார்த்து ஒரு தவணை, கன்று பிடித்ததைப் பார்த்து அடுத்த தவணை. அந்த நிதிக்குப் பணம் எங்கிருந்து வந்தது? ஏற்றுமதியாகும் ரப்பர் மீது விதித்த வரியிலிருந்து. வெட்டிய பாலிலிருந்து எடுத்ததே மறுபடியும் கன்றாக வந்தது.

கடைசியாக, பெற்றோர் அதிகம் தடுமாறும் ஓர் இடம். பிள்ளை பல்கலைக்கழகத்துக்குப் போகும்போது 'கவர்மெண்டு பணம் கொடுக்குது' என்று சொல்கிறோம். தேசிய உயர்கல்வி நிதிக் கழகம், அதாவது பி.டி.பி.டி.என்., 1997இல் ஏற்பட்டது. அது கொடுப்பது கடன். படிப்பு முடிந்ததும் மாதாமாதம் கட்ட வேண்டும். உபகாரச் சம்பளம் வேறு, இது வேறு. நம்மிடம் படித்த ஒரு பெண்ணின் தாயார், மகள் படித்து முடித்துச் சில ஆண்டுகள் கழித்து வந்த கடிதத்தைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கு ஓடிவந்தார். "வாத்தியாரய்யா, இது உதவின்னுதானே கையெழுத்துப் போட்டோம்!" என்றார். பாரத்தை எடுத்துப் பார்த்தோம். கடன் என்று மலாயில் தெளிவாகவே எழுதியிருந்தது. நாம் முன்பே அருகில் உட்கார்ந்து படித்துக் காட்டியிருக்கலாம். அந்தக் குறை நம்முடையது. பாடநூல்களும் இப்படித்தான். அவை இரவல். ஆண்டு முடிவில் கிழியாமல் திரும்ப வர வேண்டும்.

இவ்வளவையும் அன்று கூட்டத்தில் சொல்லவில்லை. பகுதி உதவி, முழு உதவி என்பதை மட்டும் கரும்பலகையில் எழுதி விளக்கினோம். அந்தத் தகப்பனார் பொறுமையாகக் கேட்டார். பிறகு, "அப்படின்னா நம்ம பள்ளிக்கூடத்து நிலத்தோட கிராண்டு யார் பேர்ல இருக்கு, ஐயா?" என்றார்.

நேயர்களுக்குத் தெரியும், நம் நாட்டில் நிலப்பட்டாவைக் கிராண்டு என்கிறோம். மலாயில் கெரான். மானியத்துக்கும் மலாயில் அதே கெரான்தான். நிலத்தைக் குறித்த மானியம் தமிழில் பணமாக மாறியிருக்க, இங்கே ஒரே சொல் நிலத்தையும் பணத்தையும் சேர்த்தே சுமந்துகொண்டிருக்கிறது. நமது பள்ளியின் கதையும் அதுதான். நிலத்துக் கெரான் யார் பெயரில் என்பதைப் பொறுத்தே பணத்துக் கெரான்.

அவருடைய கேள்விக்குக் கூட்டத்தில் யாருக்கும் விடை தெரியவில்லை. தோட்டம் இரண்டு முறை கைமாறிவிட்டது. பள்ளியின் கோப்பில் ஒரு பழைய வரைபடத்தின் நகல்தான் இருந்தது. 30 வெள்ளி வசூலை அன்று ஒத்துக்கொண்டார்கள், கூரை மாற்றப்பட்டது. அடுத்த திங்கட்கிழமை காலை அவர் ஒரு நாள் சம்பளத்தை விட்டுவிட்டு, வாரியத் தலைவரையும் நம்மையும் அழைத்துக்கொண்டு மாவட்ட நில அலுவலகத்துக்கு வந்தார். எண் எடுத்து, பாரம் நிரப்பி, பட்டா விவரத்துக்குக் கட்டணம் செலுத்தினோம். வந்த தாளில் நிறுவனத்தின் பெயர் இருந்தது. பள்ளிக்கென்று தனி மனை பிரிக்கப்படவில்லை. அந்த மனையைப் பிரித்துத் தரும்படி நிறுவனத்துக்கு எழுதிய முதல் கடிதத்தில் பெற்றோர் சார்பில் கையெழுத்திட்டவர் அவரே. பதில் இன்னும் வரவில்லை. இரண்டாம் கடிதம் போயிருக்கிறது.