பாஸ்புக்கில் யார் பெயர்?



பிரான்ஸ் நாட்டிலே மோர்வான் என்று ஒரு மலைப்பகுதி இருக்கிறது. கல்லும் காடும் நிறைந்த, விளைச்சல் குறைந்த பூமி. அங்கே சில ஊர்களில் உள்ள பழைய கல் வீடுகளுக்குப் 'பால் வீடு' என்று பெயர். மாடு வைத்துப் பால் கறந்து சம்பாதித்த வீடு என்று நினைத்துவிடாதீங்க. தாய்ப்பாலை விற்றுக் கட்டிய வீடு!

1800-களில் பாரிஸ் நகரத்து வசதியான குடும்பங்களில், குழந்தைக்குப் பால் கொடுக்கச் சம்பளத்துக்கு ஆள் வைக்கும் வழக்கம் இருந்தது. மோர்வான் பெண்கள் நல்ல திடமானவர்கள் என்று பெயர் வாங்கியிருந்ததால் அவர்களுக்குக் கிராக்கி அதிகம். பிள்ளை பெற்ற கொஞ்ச நாளிலேயே, தன் பச்சைக் குழந்தையை அம்மாவிடமோ மாமியாரிடமோ விட்டுவிட்டு ஊர்ப் பெண் பாரிசுக்குக் கிளம்பிவிடுவாள். அங்கே நல்ல சாப்பாடு, நல்ல துணிமணி, கிராமத்தில் நினைத்தும் பார்க்க முடியாத சம்பளம். ஊரிலே அவள் பெற்ற பிள்ளை பசும்பாலும் கஞ்சியுமாக வளரும். பிழைத்தால் உண்டு.

இப்படி விட்டுப்போன குழந்தைகள் எத்தனை செத்துப்போகின்றன என்பதை, அந்தப் பகுதியில் வைத்தியம் பார்த்த மோனோ என்ற டாக்டர் 1860-களில் எழுதி வெளியிட்டார். பலரும் குரல் கொடுத்த பிறகு 1874-இல் ஒரு சட்டம் வந்தது. அடுத்தவர் வீட்டுக்குப் பால் கொடுக்கப் போகிறவளின் சொந்தப் பிள்ளைக்கு ஏழு மாதம் முடிந்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் அதற்குப் பால் கொடுக்க வேறொரு பெண் இருக்க வேண்டும் என்று அந்தச் சட்டம் சொன்னது.

இவ்வளவு விலை கொடுத்துச் சம்பாதித்த காசில்தான் ஊரிலே வீடு எழும்பியது. சரி, அந்த வீட்டை விற்கவோ அடமானம் வைக்கவோ யாருக்கு அதிகாரம்? கணவனுக்கு. கல்யாணத்தின்போது தனியாக ஒப்பந்தம் எழுதிக்கொள்ளாத குடும்பங்களில், மனைவியின் கையெழுத்துகூட இல்லாமலே அவன் அதைச் செய்யலாம். சட்டம் அப்படி.

நெப்போலியன் போட்ட சட்டம்

நெப்போலியன் பெயரைக் கேள்விப்பட்டிருப்பீங்க. பெரிய போர்வீரன் என்று பள்ளிக்கூடப் புத்தகத்தில் வரும். அவர் ஆட்சியில் 1804-இல் நாடு முழுவதுக்கும் ஒரே குடிமைச் சட்டம் கொண்டுவந்தார்கள். பல விஷயங்களில் அது முன்னேற்றமான சட்டம்தான். அப்பா சொத்தில் ஆண் பிள்ளைக்கும் பெண் பிள்ளைக்கும் சம பங்கு என்று சொன்னது அந்தச் சட்டம். ஆனால் கல்யாணம் ஆனவுடனே கதை மாறிவிடும். கணவன் மனைவியைப் பாதுகாக்க வேண்டும், மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்று அதிலே எழுத்திலேயே எழுதி வைத்தார்கள். அவன் எங்கே குடியிருக்கச் சொல்கிறானோ அங்கே அவள் இருக்க வேண்டும். அவன் சம்மதமில்லாமல் சொத்து வாங்க முடியாது, விற்க முடியாது, கோர்ட்டில் வழக்குப் போட முடியாது. அவள் கூலி வாங்கினால் அந்தக் கூலியும் குடும்பச் சொத்தில் சேர்ந்துவிடும். அதை நிர்வகிப்பவன் கணவன்.

கல்யாணம் ஆகாத பெண்ணுக்கும் விதவைக்கும் இந்தக் கட்டு கிடையாது என்பதுதான் வேடிக்கை. வயது வந்த, கல்யாணம் ஆகாத பெண் தன் பெயரில் எல்லாம் செய்யலாம். கிளிக்கோ என்று ஒரு அம்மா, 1805-இல் 27 வயதில் கணவரை இழந்தார். கணவர் குடும்பத்தின் திராட்சை மது வியாபாரத்தைத் தானே எடுத்து நடத்தி, ரஷ்யா வரைக்கும் சரக்கு அனுப்பிப் பெரிய பணக்காரர் ஆனார். அந்தக் கம்பெனியின் பெயரிலே இன்றைக்கும் 'விதவை' என்ற சொல் இருக்கிறது. கணவர் உயிரோடு இருந்திருந்தால் அந்த அம்மாவால் இத்தனையும் தன் பெயரில் செய்திருக்க முடியாது.

எல்லா ஆம்பிளையும் மனைவி காசைப் பிடுங்கினான் என்று சொல்ல வரவில்லை. கிராமங்களில் முட்டை, கோழி, வெண்ணெய் விற்ற காசு வீட்டுக்காரம்மாவின் கையில்தான் இருக்கும். அதில் கணவன் கை வைப்பதில்லை என்பது பல இடங்களில் வழக்கம். ஆனால் வழக்கம் வேறு, சட்டம் வேறு. குடிக்கிறவன் ஒருத்தன் அந்த முட்டைக் காசைக் கேட்டால், இல்லை என்று சொல்ல அவளுக்குச் சட்டத்தில் இடமில்லை. அவனை விட்டு விலகவும் வழி அடைபட்டுத்தான் இருந்தது. 1792-இல் வந்த விவாகரத்து உரிமையை 1816-இல் எடுத்துவிட்டார்கள். திரும்ப வந்தது 1884-இல்.

கூலியோ ஆணுக்குக் கொடுத்ததில் ஏறக்குறைய பாதிதான். லியோன் என்பது பட்டுக்குப் பேர்போன ஊர். அங்கே பட்டு நூலை முறுக்கும் பட்டறைகளில் கிராமத்திலிருந்து வந்த பெண்கள் நாளைக்குப் பன்னிரண்டு மணி நேரம் நின்று வேலை செய்தார்கள். கூலி ஒன்றரை ஃபிராங்குக்கும் குறைவு. 1869 ஜூன் மாதம் ஏறக்குறைய 2,000 பெண்கள் வேலையை நிறுத்தினார்கள். 2 ஃபிராங்க் கூலி வேண்டும், வேலை நேரம் குறைய வேண்டும் என்று கேட்டார்கள். பலருக்கும் எழுதத் தெரியாததால், மனு எழுதிக் கொடுப்பவரைப் பிடித்து எழுதி வாங்கினார்கள். அவர்கள் தங்கியிருந்தது முதலாளிகள் கொடுத்த விடுதியில். வேலைநிறுத்தம் என்றதும் பெட்டியோடு தெருவில் இறக்கிவிட்டார்கள். அப்படியும் ஒரு மாதம் தாக்குப்பிடித்தார்கள். ஃபிலோமென் ரோஸான் என்ற தொழிலாளிதான் முன்னே நின்றார். கடைசியில் வேலை நேரம் கொஞ்சம் குறைந்தது, கூலி ஏறவில்லை.

சங்கங்களைச் சேர்த்த ஒரு அம்மா

நம்ம கூட்டமைப்பு உறுப்பினர்கள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டிய ஒருத்தர் ழான் தெரோவான். 1805-இல் பிறந்தவர். துணி தைத்துப் பிழைத்து, தானாகவே படித்து ஆசிரியை ஆனவர். கல்யாணம் ஆனபோது கணவர் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துக்கொள்ள மாட்டேன் என்றவர்.

1848-இல் பிரான்சில் புரட்சி நடந்து, ஆண்கள் எல்லோருக்கும் ஓட்டுரிமை வந்தது. பெண்களுக்கு இல்லை. தெரோவான் சும்மா இருக்கவில்லை. 1849 தேர்தலில் நான் நிற்கிறேன் என்று கிளம்பினார். ஓட்டே இல்லாதவள் எப்படித் தேர்தலில் நிற்பாள் என்று சிரித்தார்கள். அவர் கவலைப்படவில்லை.

அந்தச் சமயத்தில் பாரிசில் தையல்காரர்கள், சமையல்காரர்கள், சலவைக்காரப் பெண்கள் என்று தொழிலாளிகள் சின்னச் சின்னச் சங்கங்களாகச் சேர்ந்து தாங்களே தொழில் நடத்த ஆரம்பித்திருந்தார்கள். தனித்தனியாக இருந்தால் மூலதனம் கிடைக்காது, நொடித்துப் போய்விடும் என்று தெரோவானுக்குத் தெரிந்தது. எல்லாச் சங்கங்களையும் இணைத்து ஒரு பெரிய சங்கம் அமைப்போம், ஒரு சங்கத்தின் சரக்கை இன்னொரு சங்கம் வாங்கட்டும், நமக்குள்ளேயே கடன் கொடுத்துக்கொள்வோம் என்று திட்டம் எழுதினார். நூற்றுக்கும் மேற்பட்ட சங்கங்கள் சேர்ந்தன. ஆண்களும் பெண்களும் இருந்த சங்கங்கள் அவை.

அரசாங்கத்துக்குப் பயம் வந்துவிட்டது. 1850 மே மாதம் கூட்டம் நடக்கும்போதே போலீஸ் புகுந்து பிடித்தது. வழக்கு விசாரணை வந்தபோது, கூட இருந்த ஆண்களின் சார்பில் தெரோவானிடம் ஒரு வேண்டுகோள் வைத்தார்கள். இந்தத் திட்டத்தைப் போட்டது நீங்கள்தான் என்று கோர்ட்டில் சொல்லாதீர்கள் என்பதுதான் அந்த வேண்டுகோள். ஒரு பெண் போட்ட திட்டத்தில் இத்தனை ஆண்கள் நடந்தார்கள் என்றால் கேவலமாம்! சங்கத்துக்குள் சண்டை என்று எதிராளி சிரிக்கக் கூடாதே என்பதற்காக அந்த அம்மாவும் வாயை மூடிக்கொண்டார். ஆனாலும் ஆறு மாதம் ஜெயில் தண்டனை மட்டும் கிடைத்தது. இதைப் படித்தபோது எனக்கு மனசு ஆறவில்லை. தீர்மான நோட்டை எழுதினவள் ஒருத்தி, பெயர் வாங்குவது வேறு ஆள் என்பதை நாமும் பார்த்திருக்கிறோமே.

தபால் ஆபீஸ் கணக்கு

அடுத்து முப்பது வருஷம் கழித்து, சத்தமில்லாமல் ஒரு மாற்றம் வந்தது. 1881 ஏப்ரலில் தபால் ஆபீஸ் சேமிப்பு வங்கிக்குச் சட்டம் போட்டார்கள். அதிலே ஒரு வரி: கல்யாணமான பெண், கணவனின் துணை இல்லாமலே தன் பெயரில் கணக்கு ஆரம்பிக்கலாம். ஒரு ஃபிராங்க் இருந்தால் போதும். அதுகூடச் சேராதவர்கள் தபால் தலையாக வாங்கி ஓர் அட்டையில் ஒட்டிக்கொண்டே வந்து, ஒரு ஃபிராங்க் ஆனதும் கணக்கில் போடலாம் என்ற வசதியும் பிறகு வந்தது. நம்ம சிறுசேமிப்பு மாதிரிதான்.

பெண்கள் மேல் இரக்கப்பட்டுப் போட்ட வரி அது என்று எனக்குத் தோன்றவில்லை. ஏழைகளின் சில்லறைக் காசு கஜானாவுக்கு வர வேண்டும். வீட்டிலே சில்லறை யார் கையில் இருக்கும் என்று அவர்களுக்கும் தெரியும் இல்லையா? வாலும் ஒன்று வைத்திருந்தார்கள். பணத்தை அவளே எடுக்கலாம், ஆனால் கணவன் ஆட்சேபணை கொடுக்காத வரைக்கும்தான்.

அந்த வாலை நறுக்கப் பல பெண்கள் உழைத்தார்கள். அதில் ழான் ஷ்மால் என்பவர் செய்த வேலை கெட்டிக்காரத்தனமானது. இங்கிலாந்தில் பிறந்தவர். அங்கே 1870-இலேயே மனைவி சம்பாதித்தது மனைவிக்கே என்று சட்டம் வந்துவிட்டது. பிரான்சில் இன்னும் வரவில்லையே என்று 1893-இல் ஒரு சங்கம் ஆரம்பித்தார். எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் கேட்டால் எதுவும் கிடைக்காது என்பது அவர் கணக்கு. பத்திரங்களில் பெண் சாட்சிக் கையெழுத்துப் போட உரிமை, தன் சம்பாத்தியத்தைத் தானே வைத்துக்கொள்ள உரிமை என்று இரண்டே கோரிக்கை வைத்தார். முதலாவது 1897-இல் கிடைத்தது. இரண்டாவது, பாராளுமன்றத்தின் கீழ்ச்சபையில் 1896-இலேயே நிறைவேறி, மேல்சபையில் பதினோரு வருஷம் தூங்கியது.

1907 ஜூலை 13 அன்றுதான் அது சட்டமானது. வேலை செய்து சம்பாதித்த பணத்தை மனைவி தன் இஷ்டப்படி செலவு செய்யலாம், சேமிக்கலாம். கணவன் வீட்டுச் செலவுக்குக் கொடுக்காவிட்டால், நீதிபதியிடம் போய் அவன் சம்பளத்தில் ஒரு பகுதியைத் தன் கைக்கு வரும்படி உத்தரவு வாங்கலாம் என்றும் அதிலே இருந்தது.

சட்டம் வந்தாலும் ஆபீஸ் படி ஏறினால் கதை வேறு. இந்தப் பணம் நீ உழைத்துச் சம்பாதித்ததா, குடும்பப் பணமா, அத்தாட்சி கொண்டு வா என்று கேட்டார்கள். வம்பு எதற்கு என்று, கணவனையே கையெழுத்துப் போடச் சொன்னவர்களும் உண்டு. கீழ்ப்படிய வேண்டும் என்ற வரி 1938-இல்தான் சட்டத்திலிருந்து போனது. ஓட்டுரிமை 1944-இல் வந்து, பெண்கள் முதல் ஓட்டுப் போட்டது 1945-இல். கணவன் சம்மதம் கேட்காமல் மனைவி வேலைக்குப் போகலாம், பேங்கில் தன் பெயரில் கணக்கு வைத்துக்கொள்ளலாம் என்ற சட்டம் 1965-இல் வந்தது. அதுவும் ஒரு ஜூலை 13-ஆம் தேதிதான். தபால் ஆபீசில் முதன்முதலாகப் பாஸ்புக் வாங்கிய பெண்களின் பேத்திகள்கூட அதற்குள் பாட்டிகள் ஆகியிருப்பார்கள்.