சாமானியர்களை மேடை ஏற்றிய பாட்டுக்காரர்!

மேடையில் ஒருவர் பாடுகிறார். சுருதி சேரவில்லை. தாளம் தப்புகிறது. ஆனாலும் அவர் விடுவதாக இல்லை. உற்சாகமாகப் பாடிக்கொண்டே இருக்கிறார்.

எதிரே மூன்று நடுவர்கள். அவர்கள் பக்கத்தில் பெரிய உலோகத் தட்டு ஒன்று தொங்குகிறது. நம் ஊர்க் கோவில்களில் அடிப்பார்களே சேகண்டி, அதைப் போன்றது. ஆனால், அதைவிடப் பல மடங்கு பெரியது.

நடுவர் ஒருவர் எழுந்தார். கோலை எடுத்தார். ஓங்கி அடித்தார்.

"டாங்!"

அவ்வளவுதான். பாட்டு பாதியிலேயே நின்றது. சபை கொல்லென்று சிரித்தது.

அமெரிக்காவில் 1976-ம் ஆண்டு தொடங்கிய "காங் ஷோ" என்ற டெலிவிஷன் நிகழ்ச்சியில் இது வழக்கமான காட்சி. "காங்" என்பது அந்தப் பெரிய தட்டின் பெயர்.

இந்த நிகழ்ச்சியைத் தயாரித்தவர் சக் பேரிஸ். மேடையில் நின்று அதை நடத்தியவரும் அவரே.

நடிகர்கள் இல்லாமல், மனப்பாடம் செய்த வசனம் இல்லாமல், சாதாரண மனிதர்களையே வைத்து நடத்தும் நிகழ்ச்சிகளை இன்று "ரியாலிட்டி ஷோ" என்கிறார்கள். அந்தப் பெயர் பிரபலமாவதற்கு முன்பே அதற்குப் பாதை போட்டவர்களில் ஒருவர் பேரிஸ்.

ஆனால், அவர் போட்ட முதல் பெரிய வெற்றி டெலிவிஷனில் அல்ல. அது ஒரு பாட்டு!

பல் டாக்டர் மகன்

சக் பேரிஸ் 1929-ம் ஆண்டு ஜூன் 3-ந் தேதி பிலடெல்பியா நகரில் பிறந்தார். தந்தை பல் டாக்டர்.

தந்தை பக்கவாதத்தால் இறந்துவிட்டார். குடும்பம் நிலைகுலைந்தது. தாய், தங்கை, பேரிஸ் மூவரும் கையில் காசு இல்லாமல் நின்றார்கள்.

எப்படியோ படித்து, 1953-ல் பட்டம் பெற்றார். புத்தகம் விற்றார். குத்துச்சண்டைப் போட்டிகளுக்கு ஏற்பாடு செய்தார். பிறகு டெலிவிஷன் கம்பெனி ஒன்றில் சிறிய வேலை கிடைத்தது. அதுவும் நிலைக்கவில்லை.

அடுத்து ஏ.பி.சி. கம்பெனியில் சேர்ந்தார். "அமெரிக்கன் பேண்ட்ஸ்டாண்டு" என்ற நிகழ்ச்சியைக் கவனித்துக்கொள்வது அவர் வேலை. புதிய இசைத்தட்டுகளைப் போடுவார்கள். இளைஞர்களும் பெண்களும் அதற்கு ஆடுவார்கள். அமெரிக்க இளைஞர்கள் அதற்குப் பைத்தியமாக இருந்தார்கள்.

அந்தச் சமயத்தில் ஒரு பெரிய ஊழல் வெடித்திருந்தது. குறிப்பிட்ட இசைத்தட்டுகளைத் திரும்பத் திரும்பப் போடுவதற்காகச் சிலர் லஞ்சம் வாங்கியது அம்பலமாயிற்று. அதனால்தான் நிகழ்ச்சி நடக்கும் இடத்தில் கம்பெனியின் ஆள் ஒருவர் இருக்கவேண்டும் என்ற நிலை வந்தது.

காவலுக்குப் போன பேரிஸ், அங்கே வேறு ஒன்றையும் கவனித்தார். எந்தப் பாட்டு மக்களுக்குப் பிடிக்கிறது? ஏன் பிடிக்கிறது?

பின்பக்கப் பாட்டு

பேரிஸ் தாமே ஒரு பாட்டு எழுதி மெட்டு அமைத்தார். "பாலிசேட்ஸ் பார்க்" என்று அதற்குப் பெயர். நியூஜெர்சி மாநிலத்தில், அட்சன் ஆற்றங்கரைப் பாறைமேட்டின் மீது இருந்த கேளிக்கைப் பூங்காவைப் பற்றிய பாட்டு அது. ராட்டினம், விளக்கு வெளிச்சம், இளம் ஜோடிகள் எல்லாம் நிறைந்த இடம்.

பிரெடி கேனன் என்ற பாடகர் அதைப் பாடினார். 1962-ல் இசைத்தட்டு வெளிவந்தது.

அந்தக் காலத்து இசைத்தட்டில் இரண்டு பக்கம் உண்டு. ஓடும் என்று கம்பெனி நம்பும் பாட்டு முன்பக்கத்தில் இருக்கும். இடத்தை நிரப்புவதற்காகப் பின்பக்கத்தில் இன்னொரு பாட்டு போடுவார்கள். பேரிஸின் பாட்டு பின்பக்கத்தில்தான் இருந்தது.

ரேடியோக்காரர்கள் தட்டைத் திருப்பிப் போட்டார்கள். பின்பக்கப் பாட்டு பிடித்துக்கொண்டது! அமெரிக்காவின் பாட்டு வரிசைப் பட்டியலில் 3-வது இடம் வரை ஏறியது.

யாரும் கவனிக்காத பக்கத்திலும் சரக்கு இருக்கும். பேரிஸின் பிற்கால வாழ்க்கை முழுவதும் இந்த ஒரு பாடம்தான்.

திரைக்குப் பின்னால் மூன்று பேர்

1965-ல் பேரிஸ் சொந்தக் கம்பெனி தொடங்கினார். அந்த ஆண்டு டிசம்பர் 20-ந் தேதி அவருடைய "டேட்டிங் கேம்" ஒளிபரப்பாகத் தொடங்கியது.

ஒரு பக்கம் ஒரு இளம்பெண். தடுப்புக்கு மறுபக்கம் மூன்று வாலிபர்கள். முகம் தெரியாது. குரல் மட்டும் கேட்கும். பெண் கேள்வி கேட்பாள். யார் பதில் பிடித்திருக்கிறதோ அவரைத் தேர்ந்தெடுப்பாள். இருவரையும் துணைக்கு ஒரு ஆளோடு, கம்பெனி செலவில் வெளியே அனுப்புவார்கள்.

மறு ஆண்டு, 1966 ஜூலை 11-ந் தேதி, "நியூலிவெட் கேம்" வந்தது. இதில் கலந்துகொள்கிறவர்கள் புதுமணத் தம்பதிகள். ஒரு சுற்றில் கணவர்களை உள்ளே அனுப்பிவிட்டு மனைவிகளிடம் கேள்வி கேட்பார்கள். பிறகு அதே கேள்விகளுக்குக் கணவர்கள் பதில் சொல்லவேண்டும். இரண்டும் ஒத்துப்போனால் மார்க்கு. இன்னொரு சுற்றில் மனைவிகள் உள்ளே போவார்கள்.

ஒத்துப்போகாவிட்டால்? அதுதான் வேடிக்கை! சபைக்கு நடுவிலேயே ஜோடிகளுக்குள் சண்டை மூளும். பரிசோ, வீட்டுக்கு வேண்டிய ஒரு சாமான். ஒரு சாமானுக்காகத் தங்கள் வீட்டுக் கதையை நாடு முழுவதும் கேட்கச் சொன்னார்கள்!

கதாசிரியர் வேண்டாம். பெரிய நட்சத்திரத்துக்குச் சம்பளம் வேண்டாம். செலவு குறைவு. பார்க்கிறவர்கள் ஏராளம். அதுவரை சபையில் உட்கார்ந்து கைதட்டியவர்களைப் பேரிஸ் மேடைக்குக் கொண்டுவந்துவிட்டார். இசைத்தட்டைத் திருப்பிப் போட்டதுபோலவேதான்!

இசையையும் அவர் விடவில்லை. தம் நிகழ்ச்சிகளுக்கான இசையில் சிலவற்றைத் தாமே அமைத்தார்.

சிரிப்பும் கண்ணீரும்

"காங் ஷோ"வுக்கு யார் வேண்டுமானாலும் வரலாம். பாடலாம், ஆடலாம், வித்தை காட்டலாம். தாங்கமுடியவில்லை என்றால் நடுவர் "டாங்" என்று அடிப்பார். தப்பித்தவர்களுக்கு மூன்று நடுவர்களும் ஆளுக்குப் பத்து மார்க்கு வரை போடுவார்கள். பகல் நிகழ்ச்சியில் ஜெயித்தவருக்குப் பரிசு 516 டாலர் 32 சென்ட். தொகையே ஒரு வேடிக்கை!

ஸ்டூடியோவில் சாமான் தூக்கும் தொழிலாளி ஜீன் பேட்டன். இசை முழங்கியதும் அவர் ஆடிக்கொண்டே மேடைக்கு வருவார். நடுவர்களும் எழுந்து ஆடுவார்கள். நட்சத்திரங்களுக்குக் கிடைக்கிற ஆரவாரம் அந்தத் தொழிலாளிக்குக் கிடைத்தது.

செரில் லின் என்ற பெண் வந்து பாடினார். அவருக்குச் சேகண்டி அடிக்கவில்லை. பெரிய இசைத்தட்டுக் கம்பெனி ஒன்று அவரை அழைத்துக்கொண்டது. 1978-ல் அவர் பாடிய பாட்டு அமெரிக்காவெங்கும் ஒலித்தது.

ஆனால், அடிபட்டவர்கள்?

வேடிக்கைக்காகவே வந்தவர்கள் சிரித்துக்கொண்டே இறங்கிப்போனார்கள். தனக்கு நன்றாகப் பாடத் தெரியும் என்று உண்மையாகவே நம்பி வந்த மனிதனின் கதை என்ன? அவன் வீட்டுக்குப் போகும்போது அந்த "டாங்" சத்தமும் கூடவே போகுமே!

பத்திரிகைகள் பேரிஸை வறுத்தெடுத்தன. மட்டரக ரசனையின் மன்னர் என்று பட்டம் சூட்டின. மக்களை மேடையேற்றுகிறேன் என்று சொல்லி, மக்களைப் பார்த்துச் சிரிக்கவைக்கிறார் என்பது குற்றச்சாட்டு.

1979-ல் அவர் இன்னும் ஒரு படி மேலே போனார். "திரீஸ் எ கிரவுடு" என்ற நிகழ்ச்சி. ஒரு மனிதனை அதிகம் அறிந்தவர் யார்? அவன் மனைவியா, ஆபீசில் வேலை செய்யும் அவனுடைய பெண் காரியதரிசியா? இதுதான் போட்டி!

வீட்டுக்குள் தீ வைக்கிற வேலை என்று மாதர் சங்கங்கள் கொதித்தன. மத அமைப்புகளும் சேர்ந்துகொண்டன. நிகழ்ச்சி நின்றது. 1980-ல் "காங் ஷோ"வும் முடிந்தது. அதை வைத்து அவர் எடுத்த சினிமாவும் தோல்வி. இம்முறை பொதுஜனங்களே பேரிஸுக்குச் சேகண்டி அடித்துவிட்டார்கள்!

நம்ப முடியாத கதை

1984-ல் பேரிஸ் சுயசரிதை எழுதினார். நாடு திடுக்கிட்டது. பகலில் டெலிவிஷன் தயாரிப்பாளராகவும், ரகசியமாக சி.ஐ.ஏ. உளவு ஸ்தாபனத்தின் கொலையாளியாகவும் இருந்ததாக அதில் எழுதியிருந்தார்!

இது வெறும் கட்டுக்கதை என்று சி.ஐ.ஏ. மறுத்தது. ஆனாலும், 2002-ல் அந்தப் புத்தகம் சினிமாவாக வந்தது. பிரபல நடிகர் ஜார்ஜ் குளூனி அதை டைரக்டு செய்தார்.

மகள்

பேரிஸுக்கு ஒரே மகள். பெயர் டெல்லா. சிறுமியாக இருந்தபோது தந்தையின் "காங் ஷோ" மேடையில் அவளும் தோன்றியிருக்கிறாள்.

டெல்லா போதைப் பழக்கத்துக்கு ஆளானாள். 1998-ல் அளவு மீறிய போதையால் இறந்துபோனாள்.

ஊரார் வீட்டுப் பிள்ளைகளை மேடையேற்றிய தந்தை, தன் பிள்ளையைக் காப்பாற்ற முடியவில்லை. 2010-ல் மகளைப் பற்றி ஒரு புத்தகம் வெளியிட்டார். அதில் உளவு இல்லை, வேடிக்கை இல்லை. ஒரு தகப்பனின் துக்கம்தான் இருந்தது.

பாட்டு முடிந்த இடம்

இதற்கிடையே உலகம் அவர் போட்ட பாதையில் வெகுதூரம் போய்விட்டது. 2002-ல் "அமெரிக்கன் ஐடல்" பாட்டுப் போட்டி தொடங்கியது. நல்ல குரல்களை மட்டும் அல்ல, தேர்வுக்கு வந்து மோசமாகப் பாடியவர்களையும் அதில் காட்டினார்கள். பார்த்தவர்கள் சிரித்தார்கள். தட்டு இல்லை, நடுவரின் நாக்கே சேகண்டி ஆயிற்று!

சாமானியனுக்கும் மேடை உண்டு என்று காட்டியது பேரிஸின் சாதனை. ஏறியவன் மனம் நோகாமல் இறங்குவதற்கு வழி உண்டா? அந்தக் கேள்வியை அவர் தீர்க்கவில்லை. அவருக்குப் பின் வந்தவர்களும் தீர்க்கவில்லை. வீட்டில் உட்கார்ந்து பார்த்துச் சிரிக்கிறவர்களுக்கும் அதில் பங்கு உண்டு.

2017-ம் ஆண்டு மார்ச் 21-ந் தேதி சக் பேரிஸ் காலமானார். வயது 87.

அவர் பாட்டில் பாடிய கேளிக்கைப் பூங்கா 1971-லேயே மூடப்பட்டுவிட்டது. ராட்டினங்கள் போய்விட்டன. அட்சன் ஆற்றங்கரைப் பாறைமேடு மட்டும் அப்படியே இருக்கிறது. அந்தப் பாறைமேடு வடக்கே நியூயார்க் மாநிலத்துக்குள்ளும் நீண்டு போகிறது. அங்குள்ள ஒரு சிற்றூரில்தான் பேரிஸின் உயிர் பிரிந்தது.

அந்த ஊரின் பெயர், பாலிசேட்ஸ்.